சொகுசு ரயிலு பத்தி பேசுதோம் சரி, அதுல படுக்கை விரிச்சவங்க, பெட்டி தூக்குனவங்க?

கொக்கிரகுளம் பேரன் எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். ஒரு வருஷமா இங்கன வாசிச்சிக்கிட்டு மட்டும்தான் இருந்தேன், இன்னைக்குத்தான் மொத இழை போடுதேன். போன வாரம் முழுக்க பேலஸ் ஆன் வீல்ஸ், மகாராஜாஸ் எக்ஸ்பிரஸ், ஓரியன்ட் எக்ஸ்பிரஸ்னு படமும் கதையுமா ஓடிச்சு. தேக்குப் பலகை, பித்தளைக் கைப்பிடி, வெள்ளித் தட்டு, வெல்வெட் சீட்டு, எல்லாம் பாத்தேன், நல்லாத்தான் இருந்துது. ஆனா அத்தன பதிவுல ஒருத்தர் கூட அந்த பித்தளைய வெளக்குனது யாரு, அந்த வெல்வெட்டுல படுக்கை போட்டுக் குடுத்துட்டு அந்தாளு எங்க போயி படுத்தாருன்னு கேக்கல. அது எனக்கு ரெண்டு நாளா மனசுல கிடந்து உறுத்திக்கிட்டே இருக்கு.

ஏன்னா எங்க தாத்தா திருநெல்வேலி ஜங்ஷன்ல போர்ட்டர். லைசென்ஸ் போர்ட்டர், செவப்பு சட்ட. நான் ஆறாப்பு படிக்கையில தவறிட்டாவ. சட்டையெல்லாம் எங்க போச்சோ, எங்க வீட்டுல மிச்சம் இருக்கது கையில கட்டுத பித்தளை பில்ல ஒண்ணுதான். உள்ளங்கை அளவு இருக்கும். அதுல 41னு வெட்டியிருக்கும். வருஷா வருஷம் ஆயுத பூசைக்கு ஆச்சி புளி போட்டு தேச்சு தேச்சு நாலோட வாலு பாதி அழிஞ்சு போச்சு, ஒண்ணு மட்டும் ஆழமா நிக்கி. பின்னால நாடா கோக்குத ரெண்டு வளையத்துல ஒண்ணு ஒடிஞ்சு சணல் கயிறு கட்டியிருக்கு, அந்த கயிறு தாத்தா கட்டுனதுதான். பேரு கெடையாது. திருப்பி திருப்பி பாத்துட்டேன், எந்தப் பக்கமும் பேரு கெடையாது.

தலையில சும்மாடு சுத்தி அது மேல ட்ரங்கு பெட்டி, அது மேல ஹோல்டால்ங்கற படுக்கை சுருட்டு, எடது தோள்ல ஒரு தோல் பை, இப்படித்தான் பர்ஸ்ட் கிளாஸ் பெட்டிக்கு போவாவளாம். அந்தப் பெட்டிக்குள்ள சாமான வச்சிட்டு எறங்கணும், உக்காரக் கூடாது. ஆச்சி சொல்லுவா, உங்க தாத்தா எத்தன ஆயிரம் தடவ பர்ஸ்ட் கிளாஸ்ல ஏறியிருக்காவ, ஒரு தடவ கூட வண்டி கெளம்புததுக்கு உள்ள இருந்ததில்லன்னு.

வெவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க. சொகுசு வண்டிகள்ல வேல பாத்தவங்களோட சரித்திரம் எனக்கு வேணும்.


மணியாச்சி ஜங்ஷன் எழுதியது:

தம்பி, நல்ல இழை. நான் ரிட்டயர் ஆகி பத்து வருஷத்துக்கு மேல ஆச்சு, எனக்கு தெரிஞ்சத சொல்லுதேன்.

நம்ம ஊருக்கும் சொகுசு வண்டிக்கும் சம்பந்தம் இல்லன்னு நெனைக்காதீய. 1876லயே மதுரையில இருந்து தூத்துக்குடிக்கு தண்டவாளம் வந்துட்டு, மணியாச்சியில இருந்து ஒரு கிளை திருநெல்வேலிக்கு. தூத்துக்குடி எதுக்குன்னா கொழும்பு கப்பலுக்கு. மெட்ராஸ்ல ஏறுத வெள்ளக்காரன் தூத்துக்குடி வந்து கப்பலேறி கொழும்பு போவான், அதான் போட் மெயில்னு பேரு. 1914ல பாம்பன் பாலம் தெறந்த பெறவுதான் போட் மெயிலு தனுஷ்கோடிக்கு திரும்பிச்சு, அங்கயிருந்து தலைமன்னாருக்கு கப்பல். 1964 டிசம்பர் புயல்ல தனுஷ்கோடியே போயிட்டு, அதோட தனுஷ்கோடி வழி முடிஞ்சுது.

அந்த காலத்து பர்ஸ்ட் கிளாஸ் பெட்டி எப்படி இருக்கும்னு கேளுங்க. இப்பம் மாதிரி ஒரு கடைசியில இருந்து மறு கடைசி வரைக்கும் நடந்து போற வழி கெடையாது. ஒவ்வொரு கூபேக்கும், அதாவது தனி அறைக்கும், பிளாட்பாரத்துல இருந்து நேரா கதவு. தொரைக்கு படுக்கை, நாற்காலி, தனி கக்கூஸ், குளிக்கவும் வசதி. அத ஒட்டியே ஒரு சின்ன அறை, மரப்பலகை பெஞ்சு, சர்வன்ட் கம்பார்ட்மென்ட்னு அதுக்கு பேரு. தொரையோட பட்லரு, பையன் எல்லாம் அதுக்குள்ள. நடுவுல வழி இல்லாததால வண்டி நின்னாத்தான் அவன் எறங்கி ஓடி வந்து தொரைக்கு தண்ணி குடுக்கணும், பூட்ஸ் கழட்டணும், வண்டி ஊதுததுக்குள்ள திரும்ப ஓடணும். அதனால எந்த ஸ்டேஷன்ல எத்தன நிமிஷம் நிக்கும்னு அவனுக்கு மனப்பாடமா தெரிஞ்சிருக்கும். ராத்திரி ரெண்டு மணிக்கு நின்னாலும் எறங்கி பாக்கணும், கூப்பிடுதாரோ என்னவோன்னு.

ஏசி பெட்டியெல்லாம் 1930கள்லதான் வந்துது. அதுக்கு முன்னால கோடையில பெரிய பெரிய ஐஸ் பாளத்த தொட்டியில வைப்பாவ, ஜன்னலுக்கு வெட்டிவேர் தட்டி கட்டி தண்ணி தெளிப்பாவ. தெளிக்க ஒரு ஆளு வேணும்லா.

நம்ம மணியாச்சி ஸ்டேஷன்ல 1911 ஜூன் 17 நடந்தத எல்லாருக்கும் தெரியும். கலெக்டர் ஆஷ் துரையும் அவரு சம்சாரம் மேரியும் திருநெல்வேலியில இருந்து வந்து, கொடைக்கானல் போறதுக்காவ போட் மெயிலு வரட்டும்னு பர்ஸ்ட் கிளாஸ் பெட்டியில எதிரெதிரா உக்காந்திருக்காவ. காலையில பத்தரை தாண்டியிருக்கும். செங்கோட்டை வாஞ்சிநாதன் ஏறி சுட்டுட்டு ஓடி, பிளாட்பாரத்து கக்கூஸ்ல தன்னையும் சுட்டுக்கிட்டாரு. இன்னைக்கு ஸ்டேஷன் பேரே வாஞ்சி மணியாச்சி. நான் அங்க வேல பாத்த காலத்துல வெளியூர்க்காரங்க வந்து எந்த எடம், எந்த எடம்னு கேப்பாவ, காட்டுவேன். ஆனா அன்னைக்கு மத்தியானம் அந்த பெட்டிக்குள்ள ஏறி ரத்தத்த கழுவி விட்டது யாருன்னு ஒருத்தரும் கேட்டதில்ல. நானும் யோசிச்சதில்ல, ஒங்க கேள்விய படிச்ச பெறவுதான் தோணுது.


லோகோ செந்தூர் எழுதியது:

அண்ணாச்சி பதிவு அருமை. சர்வன்ட் கம்பார்ட்மென்ட் விஷயம் எனக்கு புதுசு.

ஆனா இழை போட்டவர்கிட்ட ஒண்ணு சொல்லணும். சொகுசு வண்டிய ரசிக்கது தப்பு மாதிரி ஆயிரக் கூடாது. அமெரிக்காக்காரர் புல்மேன் ஓரியன்ட் எக்ஸ்பிரஸ் விட்டாரு, அதப் பாத்து உலகம் பூரா வண்டி வசதியாச்சு. அந்த வண்டியில வேல கெடைக்கதே பெரிய அதிர்ஷ்டம்னு நெனச்ச காலம் அது. சுத்தமான யூனிபார்ம், ஊர் ஊரா பயணம், பணக்காரங்க கைநெறைய டிப்ஸ் குடுப்பாங்க. வயக்காட்டுல வேல பாக்கதுக்கு இது எவ்வளவோ மேல் இல்லையா? வேல பாத்தவங்களே பெருமையாத்தான் சொல்லியிருப்பாங்க.


பாளை டீச்சர் எழுதியது:

லோகோ தம்பி, மொதல்ல ஒரு திருத்தம். ஓரியன்ட் எக்ஸ்பிரஸ் புல்மேன் விட்டது இல்ல. அது ஜார்ஜ் நாகெல்மேக்கர்ஸ்னு ஒரு பெல்ஜியக்காரர். அமெரிக்கா போயி புல்மேன் வண்டிய பாத்துட்டு வந்து ஐரோப்பாவுல கம்பெனி தொடங்குனாரு, 1883 அக்டோபர்ல பாரிஸ்ல இருந்து மொத ஓரியன்ட் எக்ஸ்பிரஸ் கெளம்பிச்சு. ரெண்டு பேருக்கும் ஜார்ஜ்தான் பேரு, அதனால குழப்பம் வாரது சகஜம்.

இப்பம் அந்த ஜார்ஜ்ங்கற பேர வச்சே சொல்லுதேன், ஏன்னா பேரன் தம்பி அந்த பில்லயில பேரு இல்லன்னு எழுதுனத படிச்சதும் எனக்கு சுருக்குன்னு இருந்துது.

ஜார்ஜ் புல்மேன் சிகாகோவுல தூங்குத வசதியுள்ள பெட்டி செஞ்சு 1867ல கம்பெனி ஆரம்பிச்சாரு. அவரோட கெட்டிக்காரத்தனம் பெட்டி செஞ்சதுல மட்டும் இல்ல. பெட்டிய விக்காம ரயிலு கம்பெனிகளுக்கு ஆளோட சேத்து வாடகைக்கு விட்டாரு. அமெரிக்காவுல அடிமை முறை ஒழிஞ்சது 1865ல. அப்பத்தான் விடுதலையான கறுப்பினத்து ஆம்பளைங்கள தேடிப் பிடிச்சு போர்ட்டர் வேலைக்கு வச்சாரு. வீட்டு வேல பழகுனவங்க, கொறஞ்ச சம்பளத்துக்கு வருவாங்க, ஏறுத வெள்ளக்காரங்களுக்கு பழைய எசமான் நெனப்பு திரும்ப கெடைக்கும், இதுதான் கணக்கு. பெட்டிக்கு பொறுப்பான கண்டக்டர் வெள்ளக்காரர், போர்ட்டர் கறுப்பர், எத்தன வருஷம் வேல பாத்தாலும் போர்ட்டர் போர்ட்டர்தான்.

அந்த போர்ட்டர்கள பயணிங்க எல்லாம் கூப்பிட்ட பேரு ஜார்ஜ். எல்லாரையும் ஜார்ஜ். மொதலாளி பேர அடிமைக்கு வச்சுக் கூப்பிடுத பழைய வழக்கம் அது. வீட்டுல அம்மா அப்பா வச்ச பேரு ஒண்ணு இருக்கும், வண்டியில ஏறுனா ஜார்ஜ். 1926ல கம்பெனி பெட்டியில போர்ட்டரோட பேர எழுதி மாட்டத் தொடங்குச்சு. கம்பெனி தொடங்கி அறுவது வருஷம் ஆகப்போகுத நேரம் அது, கவனிங்க.

டிப்ஸ் பத்தி சொன்னீய. 1920கள் நடுவுல சம்பளம் மாசம் எழுவத்திரண்டரை டாலர். அதுக்கு வேல மாசத்துக்கு 400 மணி நேரம், இல்லன்னா 11,000 மைல், எது மொதல்ல வருதோ அது. வகுத்து பாருங்க, மணிக்கு பதினெட்டு சென்ட் வரும். இதுல யூனிபார்முக்கு அவங்க துட்டு, சாப்பாட்டுக்கு அவங்க துட்டு, பயணிங்க ஷூவ பாலிஷ் போடுத மையும் அவங்க துட்டு. வண்டி கெளம்புததுக்கு முன்னால பெட்டிய தயார் பண்ணுத மணிக்கணக்கு வேலைக்கு சம்பளம் இல்ல. பயணி ஒரு துண்ட எடுத்துட்டு போயிட்டா போர்ட்டர் சம்பளத்துல பிடிப்பு. டிப்ஸ் தாராளம்னு சொல்லி சொல்லித்தான் கம்பெனி சம்பளத்த ஒசத்தாம வச்சிருந்துது. சிரிச்ச மொகத்தோட நின்னாத்தான் சோறு, அத பெருமைன்னு சொல்லலாமா?

தூக்கம் மொத ராத்திரி மூணு மணி நேரம் போல. அதுவும் ஆம்பளைங்க புகை பிடிக்குத அறையில இருக்க சோபாவுல, அங்க பயணிங்க பேசி முடிச்சு எந்திரிச்சு போன பெறவு.


லோகோ செந்தூர் எழுதியது:

திருத்தத்துக்கு நன்றி டீச்சர், அது என் தப்புதான்.

ஆனா நீங்க சொல்லுதது அமெரிக்காவுல, அங்க அடிமை முறை இருந்துது. நம்ம நாட்டுல ரயில்வே வேலைன்னா கவர்மென்ட் வேல. எங்க தெருவுல ரயில்வேக்காரர் வீடுன்னாலே தனி மரியாத. பென்ஷன், பாஸ், குவார்ட்டர்ஸ், ஆஸ்பத்திரி. எங்க மாமா கலாசியா சேந்து மேஸ்திரியா ரிட்டயர் ஆனாரு, ரெண்டு பிள்ளைகள இஞ்சினியர் ஆக்கியிருக்காரு. அந்த நாட்டு கதைய கொண்டாந்து இங்க பொருத்திப் பாக்கது சரியா?


மணியாச்சி ஜங்ஷன் எழுதியது:

ஒங்க மாமா விஷயம் உண்மை, என் விஷயமும் அதுதான். நானும் பென்ஷன்லதான் சாப்பிடுதேன், அத மறுக்க மாட்டேன். ஆனா அந்த பென்ஷனும் வேல நேரமும் சும்மா வந்துது இல்ல. 1928 ஜூலைல தென்னிந்திய ரயில்வே ஸ்டிரைக்கு, நாகப்பட்டினம் பட்டறைய பொன்மலைக்கு மாத்தி ஆளக் கொறைக்கப் போறாங்கன்னு ஆரம்பிச்சது, லைன் பூரா வண்டி நின்னுது, சிங்காரவேலர் ஜெயிலுக்கு போனாரு. 1946 செப்டம்பர்ல பொன்மலையில துப்பாக்கிச் சூடு, தொழிலாளிங்க அஞ்சு பேரு செத்தாங்க. 1974 மே மாசம் இருவது நாளு ஸ்டிரைக்கு. அதுல வேல போனவங்க வீட்டுல அடுப்பு எரியாம கிடந்தத நான் கண்ணால பாத்திருக்கேன், அப்பம் எனக்கு இள வயசு.

ரெண்டாவது, போர்ட்டர் ரயில்வே ஊழியர் கெடையாது. இத நெறைய பேரு கவனிக்கதில்ல. ரயில்வே லைசென்ஸ் குடுக்கும், பில்ல குடுக்கும், சட்டைக்கு நெறம் சொல்லும், ஒரு நடைக்கு எவ்வளவுன்னு ரேட்டு போர்டு வைக்கும், சம்பளம் மட்டும் கெடையாது. பேரன் தம்பி தாத்தாவுக்கு பென்ஷன் வந்திருக்காது, சரியா தம்பி? 2008 பட்ஜெட்லதான் போர்ட்டர்கள தண்டவாளம் பராமரிக்குத கேங்மேனா எடுத்துக்கிடுதோம்னு அப்பத்த ரயில்வே மந்திரி லாலு அறிவிச்சாரு. நெறைய பேரு போனாங்க, வயசு தாண்டுனவங்க அப்படியே நின்னாங்க. 2016 பட்ஜெட்ல கூலிங்கற பேர மாத்தி சகாயக்னு, அதாவது ஒத்தாச பண்ணுதவர்னு, சொல்லணும்னாங்க. தலையில இருக்க பாரம் அதேதான்.

மூணாவது நம்ம ஊருல அடிமை முறை மாதிரி ஒண்ணும் இல்லன்னு சொல்லுதீய. ரயிலு சாப்பாட்டு ரூம நெனச்சு பாருங்க. இங்கிலீஷ் சாப்பாடு, டைனிங் கார் எல்லாம் நம்ம பக்கம் ஸ்பென்சர் கம்பெனி நடத்துனது, வெள்ள கோட்டு, தலைப்பாகை, இடுப்புல பட்டி போட்ட பட்லருங்க. வெள்ளக்கார வீட்டு அடுப்படிய யாரு தொட்டு வேல பாத்தாங்களோ அந்த சாதிக்காரங்கதான் பெரும்பாலும் அதுக்கு வந்தாங்க. இந்தியன் சாப்பாட்டு ரூம்ல பிராமணாளுக்கு ஒரு பக்கம், இதராளுக்கு ஒரு பக்கம்னு போர்டே தொங்கிச்சு, 1940கள்ல பெரியார் கிளர்ச்சியெல்லாம் நடந்த பெறவுதான் போச்சு. நம்ம சேரன்மாதேவியில குருகுலத்துல பிள்ளைகள தனித்தனியா உக்கார வச்சு சோறு போட்டது எவ்வளவு பெரிய சண்டையாச்சு, 1925 வாக்குல. சேரன்மாதேவி ஸ்டேஷன்ல எறங்கி குருகுலத்துல போயி நியாயம் கேட்டவங்க வழியில ஸ்டேஷன்ல காப்பி குடிச்சதும் அந்த போர்டுக்கு கீழதான.


பாளை டீச்சர் எழுதியது:

அண்ணாச்சி கடைசி வரி என்னைய ரொம்ப நேரம் யோசிக்க வச்சுட்டு.

மூணாங் கிளாஸ் பத்தியும் ஒரு வரி. 1917ல காந்தி எழுதுனது இது: முதல் வகுப்பு கட்டணம் மூணாம் வகுப்ப விட அஞ்சு மடங்குக்கு மேல, ஆனா மூணாம் வகுப்புக்காரனுக்கு அந்த வசதியில அஞ்சுல ஒரு பங்காவது, பத்துல ஒரு பங்காவது கெடைக்கான்னு கேட்டாரு. ரயில்வேக்கு துட்டு வந்தது அந்த மூணாங் கிளாஸ் கூட்டத்துல இருந்துதான். 1974 வரைக்கும் மூணாங் கிளாஸ்னு ஒண்ணு இருந்துது.

புல்மேன் கதையில நான் பாதியில விட்டத முடிச்சிருதேன். 1925 ஆகஸ்ட்ல போர்ட்டர்கள் சங்கம் கட்டுனாங்க, தலைவரா ஏ. பிலிப் ராண்டால்ஃப். அவரு போர்ட்டர் கெடையாது, அதனாலதான் அவர வேலைய விட்டு தூக்க கம்பெனியால முடியல. கம்பெனி ஒற்றன் வச்சு யாரு சங்கத்துல இருக்கான்னு பாத்து பாத்து தூக்குச்சு. அதனால சங்கத்து வேலைய பொம்பளைங்க எடுத்துக்கிட்டாங்க. வாஷிங்டன்ல ரோசினா டக்கர்னு ஒரு அம்மா, போர்ட்டரோட சம்சாரம். வீடு வீடா போயி சங்கத்து நோட்டீஸ் குடுப்பாங்க, சந்தா வாங்குவாங்க, ஆம்பளைங்க பேரு வெளிய வராது. அது தெரிஞ்சு கம்பெனி அவங்க வீட்டுக்காரர வேலைய விட்டு நிறுத்திட்டு. இந்த அம்மா நேரா ஆபீசுக்கு போயி மேலாளர் மேசைய ஓங்கி தட்டி, நான் செய்யுத வேலைக்கும் என் வீட்டுக்காரர் செய்யுத வேலைக்கும் என்ன சம்பந்தம்னு கேட்டாங்க. அவர திரும்ப வேலைக்கு எடுத்தாங்க. பன்னெண்டு வருஷம் இழுத்து 1937ல ஒப்பந்தம் கையெழுத்தாச்சு, மாசம் 400 மணி நேரம் 240 ஆச்சு.

அதோட நிக்கல. 1955ல மான்ட்கமரியில ரோசா பார்க்ஸ்ங்கற கறுப்பினத்து அம்மா பஸ்ல வெள்ளக்காரருக்கு எடம் விட்டு எந்திரிக்க மாட்டேன்னு உக்காந்து கைதானப்போ ஜாமீன்ல எடுக்க போனது இ. டி. நிக்சன், அவரு புல்மேன் போர்ட்டர். 1963ல கறுப்பர் உரிமை கேட்டு நடந்த வாஷிங்டன் பேரணிக்கு தலைமை அதே ராண்டால்ஃப். படுக்கை விரிச்சவங்க சங்கத்துல பழகுன பழக்கம் ஒரு நாட்டையே மாத்திச்சு. இத வகுப்புல சொல்லும்போது எங்க பிள்ளைகள் கண்ண எடுக்காம கேக்கும்.


தச்சநல்லூர்காரன் எழுதியது:

டீச்சரம்மா துண்டு பிடிப்புன்னு எழுதியிருக்கீயள்ல, அத படிச்சிட்டுதான் எழுதுதேன், நான் இதுவரைக்கும் இங்க எழுதுனது இல்ல.

நான் நாலு வருஷம் ஏசி பெட்டி அட்டென்டரா ஓடுனேன், கான்ட்ராக்ட்ல. யாரு கான்ட்ராக்டர்னு வேண்டாம். திருநெல்வேலியில இருந்து கெளம்புத வண்டி, போக ஒரு ராத்திரி வர ஒரு ராத்திரி, சில வண்டி ரெண்டு ராத்திரி போகும். ஒரு பெட்டிக்கு நான் ஒருத்தன், ஆளு வரலன்னா ரெண்டு பெட்டி. யார்டுல ஏறுனதும் மூட்டை மூட்டையா லினன் வந்து விழும். ஒரு பாக்கெட்ல ரெண்டு பெட்ஷீட்டு, ஒரு சின்ன துண்டு. தலகாணி தனி, கம்பிளி தனி. கம்பிளிய நாலா மடிச்சு அப்புறம் ரெண்டா மடிக்கணும், மடிப்பு ஓரம் வழிப் பக்கம் பாக்க வரணும், அப்பத்தான் மேல் பெர்த்துல அடுக்குனா சரியாது. மடிக்கையில பஞ்சு தூசி பறந்து தொண்டைக்குள்ள போகும். மொத மாசம் இருமிக்கிட்டே கிடந்தேன், எங்கம்மா டிபின்னு பயந்துட்டா.

எறங்குதப்போ எண்ணணும். அதுதான் பயம். பெட்ஷீட்டு பெருசு, யாரும் கொண்டு போறதில்ல. துண்டுதான் போகும். சின்ன துண்டு, பையில வச்சா தெரியாது. கேட்டா கோவம் வரும், நான் என்ன திருடனா, யார்கிட்ட பேசுதேன்னு தெரியுமாம்பாங்க, டிக்கெட் எக்சாமினர்கிட்ட போயி புகார் சொல்லுவாங்க. கேக்கலன்னா என் சம்பளத்துல போகும். ஒரு தீவாளி சமயம் பதினோரு துண்டு கொறஞ்சுது. அந்த மாசம் பிடிச்சது போக கையில வந்தத எண்ணிட்டு ஜங்ஷன் வாசல்ல இருட்டுக்கடை அல்வான்னு போர்டு வச்சு விக்கவன்கிட்ட காக்கிலோ கேட்டேன், வெலைய சொன்னதும் வேண்டாம்னு வந்துட்டேன், பிள்ளைக்கு வாங்கிட்டு வாரேன்னு சொல்லியிருந்தேன்.

அமெரிக்காவுல நூறு வருஷத்துக்கு முந்தி ஒருத்தன் இதே மாதிரி துண்ட எண்ணிக்கிட்டு நின்னுருக்கான்னு இன்னைக்கு டீச்சரம்மா சொல்லித்தான் தெரியும். எனக்கு என்னன்னு சொல்லத் தெரியல. அவன் பேரு தெரிஞ்சா நல்லா இருக்கும்.


தென்காசி சாரல் எழுதியது:

படிச்சு மனசு கனத்துப் போச்சு. எங்க பக்கத்துல இருந்து ஒரு தகவல் மட்டும். செங்கோட்டை புனலூர் மலப்பாத 1904ல தெறந்தது, ஆரியங்காவு குகை, பதிமூணு கண் பாலம் எல்லாம் அதுலதான். மீட்டர் கேஜ் நீராவி காலத்துல ஏத்தத்துக்கு பின்னால இன்னொரு இஞ்சின் தள்ளும். பர்ஸ்ட் கிளாஸ்ல உக்காந்து சாரல ரசிச்சவங்கள பத்தி நெறைய வாசிச்சிருப்பீய. எங்க சின்ன தாத்தா அந்த வண்டியில பயர்மேன். குகைக்குள்ள போறதுக்கு முன்னால ஈரத்துணிய மூக்குல கட்டிக்கிடுவாவளாம், பொகை வெளிய போக வழியில்லாம அப்படியே இஞ்சினுக்குள்ள நிக்கும். பயணிங்க ஜன்னல சாத்திக்கிடலாம், அவியளுக்கு சாத்த ஜன்னல் ஏது.


லோகோ செந்தூர் எழுதியது:

தச்சநல்லூர் அண்ணன், நான் எத்தனையோ தடவ ஏசியில போயிருக்கேன், துண்டு சம்பளத்துல பிடிப்பாங்கன்னு சத்தியமா எனக்கு தெரியாது. நான் முன்னால எழுதுனத திரும்ப படிச்சு பாத்தேன். டிப்ஸ் பத்தி எழுதுனத வாபஸ் வாங்கிக்கிடுதேன்.

ஆனா வண்டி மேல இருக்க பிரியத்த விட முடியாது. 2023 செப்டம்பர்ல நம்ம ஊருக்கு வந்தே பாரத் வந்தப்போ நான் வெள்ளனவே போயி பிளாட்பாரத்துல நின்னு அழுதுட்டேன். அந்த பெட்டி பெரம்பூர் ஐசிஎஃப்ல செஞ்சது, அத ஒட்டுன வெல்டரும் தொழிலாளிதான, பழைய பெட்டியில தேக்குல பூ செதுக்குன ஆசாரியும் தொழிலாளிதான. அந்த வேலைப்பாட்ட ரசிக்கதும் அவங்கள மதிக்கதுதான்னு நெனைக்கேன். அதையும் சேத்தே பேசணும்.

ஒண்ணு கேக்கலாமா அண்ணன். ராத்திரி நீங்க எங்க படுப்பீங்க? இழையோட மொத கேள்வியே அதுதான், இன்னும் யாரும் நம்ம ஊருக்கு பதில் சொல்லல.


தச்சநல்லூர்காரன் எழுதியது:

ஆசாரி விஷயம் நீங்க சொன்னது சரிதான் தம்பி.

படுக்கதுக்குன்னு வாசல்கிட்ட, கக்கூசுக்கு எதுத்தாப்புல, ஒரு சின்ன எடம் இருக்கும். சில பெட்டியில மடக்குப் பலகை, சில பெட்டியில அதுவும் லினன் மூட்டைக்கு போயிரும், மூட்டை மேலயே சாஞ்சுக்கிடணும். அழுக்கு மூட்டைதான் மெத்துன்னு இருக்கும். கதவு தெறந்து மூடிக்கிட்டே இருக்கும், கோவில்பட்டி, சாத்தூர், விருதுநகர்னு ஆள் ஏறும், பெர்த்து காட்டணும், பாக்கெட் குடுக்கணும். மதுரை தாண்டுனா கொஞ்சம் அடங்கும். திண்டுக்கல்ல எறங்குதவங்க எழுப்பி விடுங்கன்னு சொல்லியிருப்பாங்க, அதுக்கு முழிச்சிருக்கணும், எழுப்பாம விட்டா வம்பு. திருச்சி தாண்டி ரெண்டு மணி நேரம் கண்ண மூடலாம். விழுப்புரம் வரதுக்குள்ள எந்திரிச்சிரணும்.

ஒரு அம்மா, வயசானவங்க, பாளையங்கோட்டைன்னு நெனைக்கேன், மாசம் ஒருக்கா அந்த வண்டியில மக வீட்டுக்கு போவாங்க. ஏறுனதும் என் பேரு என்னன்னு கேப்பாங்க. போன மாசம் சொன்னேனேம்மா ஆச்சின்னு சொல்லுவேன். மறந்துட்டேன்யா, திரும்ப சொல்லும்பாங்க. நாலு வருஷத்துல பேரு கேட்டவங்க அவங்க ஒருத்தங்கதான்.


கொக்கிரகுளம் பேரன் எழுதியது:

எல்லாரும் எழுதுனத ராத்திரி எங்க அத்தைகிட்ட போன்ல படிச்சு காட்டுனேன். மணியாச்சி அண்ணாச்சி கேட்டதுக்கு பதில், ஆமா, பென்ஷன் இல்ல. அறுவத்தஞ்சு வயசு வரைக்கும் தூக்கியிருக்காவ. கழுத்து ஒரு பக்கமா சாஞ்சே இருக்குமாம். போட்டோவுலயும் அப்படித்தான் இருக்காவ, நான் ஸ்டைலுக்கு நிக்காவன்னு நெனச்சிருந்தேன்.

பில்லயில பேரு இல்லாதத பத்தி சொன்னேன். அத்த கொஞ்ச நேரம் பேசாம இருந்துட்டு ஒரு கதை சொன்னா. ஸ்டேஷன்ல எல்லாரும் தாத்தாவ நாப்பத்தொண்ணுன்னுதான் கூப்பிடுவாவளாம், சக போர்ட்டர் கூட அப்படித்தான், கல்யாண வீட்டுக்கு வந்தா நாப்பத்தொண்ணு எங்கலேன்னுதான் தேடுவாவளாம். ஆச்சி புருஷன் பேர வாயால சொல்ல மாட்டா, அந்த காலத்து வழக்கம். அதனால வீட்டுலயும் நாப்பத்தொண்ணு வந்துட்டாவளா, நாப்பத்தொண்ணுக்கு சோறு வைட்டின்னு அத்தைகிட்ட சொல்லுவாளாம். ஸ்டேஷன்ல கேட்டா அது நம்பரு, ஆச்சி வாயில வந்தா வேற மாதிரி இருக்கும்னா அத்த.

ரேஷன் கார்டுக்கு எழுத வந்த ஆளு, குடும்பத் தலைவர் பேரு என்னம்மான்னு கேட்டிருக்காரு. தாத்தா டூட்டியில. ஆச்சி உள்ள போயி பழைய பில்ல ஒண்ணு, தேஞ்சு போயி மாத்துனது, மாடக்குழியில இருந்தத கொண்டாந்து அவரு கையில குடுத்திருக்கா. அவரு திருப்பி திருப்பி பாத்துட்டு, இது நம்பருல்லா, பேரு வேணும்மான்னிருக்காரு. ஆச்சி சேலையால வாயப் பொத்திக்கிட்டு நின்னிருக்கா. அத்தைக்கு அப்பம் ஏழு வயசு. அவதான் வாசல்ல நின்னு, இனிஷியலோட சேத்து, சத்தமா சொல்லியிருக்கா.